அண்ணன் எழுதிக் கொடுத்த ஒற்றை வரி

ஆவடியில் எங்கள் குடியிருப்பின் நுழைவாயிலுக்கு எதிரே ஒரு டீக்கடை இருந்தது. தொழிற்சாலைச் சங்கு ஊதுவதற்கு முன்பு அங்கே சைக்கிள்கள் ஒன்றன்மேல் ஒன்றாகச் சாய்ந்து நிற்கும். எண்பதுகளின் கடைசியில் ஒரு நாள் காலை, முதல் ஷிஃப்டுக்குக் கிளம்பிய அண்ணனும் கல்லூரிக்கு ரயில் பிடிக்கக் கிளம்பிய நானும் அங்கே நின்று டீ குடித்துக்கொண்டிருந்தோம். கடைக்காரர் டேப் ரெக்கார்டரில் புது கேசட் ஒன்றைச் செருகினார். முதலில் தவில் மட்டும் நான்கு அடி போகும். அதன் மேல் ஒரு கிளாரினெட், அப்போதுதான் தூங்கி எழுந்த ஆளைப் போல, தாளத்துக்குக் கொஞ்சம் பிந்தி வந்து சேரும். அந்தப் பிந்தலில்தான் பாட்டின் உயிர் இருந்தது. பூந்தமல்லியிலிருந்து அம்பத்தூர் வரை அந்த வருஷம் அது ஒலிக்காத கல்யாண வீடு இல்லை. எங்கள் பக்கத்தில் நின்ற வேன் டிரைவர் ஒருவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். பல்லவி முடிந்ததும் பொதுவாகச் சொன்னார்: "எவன் போட்டான்னு தெர்ல நைனா. அவன் கையப் புட்ச்சிக் கண்ணுல ஒத்திக்கணும்."

அந்தக் கை அவருக்கு ஓர் அடி தூரத்தில் இருந்தது. சைக்கிள் சீட்டின் மேல், அண்ணனுக்கே தெரியாமல் அது தாளம் போட்டுக்கொண்டிருந்தது. டிரைவர் பேசியதும் அண்ணன் குனிந்து அதைப் பார்த்தார். பிறகு எடுத்து பேன்ட் பாக்கெட்டுக்குள் விட்டுக்கொண்டார். "டீ ஆறுது பாப்பா, குடி" என்று என்னிடம் சொன்னார்.

அப்பா ராணுவத் தளவாடத் தொழிற்சாலை ஒன்றில் லேத் பிரிவில் இருந்தார். வேலை கிடைத்துத் திருச்சிப் பக்கத்திலிருந்து வந்த குடும்பம் எங்களுடையது. இரண்டு அறை, ஒரு சமையலறை, பின்னால் துணி காயப்போட ஒரு துண்டு இடம், இவ்வளவுதான் குவார்ட்டர்ஸ். அம்மா கல்யாணத்துக்கு முன்னால் பத்து வருஷம் முறையாக வயலின் கற்றவர். அண்ணனுக்கு ஐந்து வயதானபோது வில்லைக் கையில் கொடுத்தார். அதோடு நின்றிருந்தால் அண்ணன் ஒரு நல்ல கச்சேரி வித்வானாக ஆகியிருக்கலாம். ஆனால் குடியிருப்பின் கிளப்பில், கேரம் போர்டுகளுக்குப் பின்னால், எந்தக் காலத்து அதிகாரியோ விட்டுவிட்டுப் போன ஒரு பியானோ கிடந்தது. பல கட்டைகள் அழுத்தினால் மறுபடி எழாது. அதன் ஸ்டூலுக்குள் இருந்த பழைய நொட்டேஷன் புத்தகங்களை வைத்துக்கொண்டு அண்ணன் தானாகவே மேற்கத்திய இசையைப் படிக்கக் கற்றார். லண்டன் தேர்வுகளை ஒவ்வொரு கிரேடாக எழுதினார். எழாத கட்டைகளின் சுரத்தை மட்டும் வாயால் பாடிக்கொண்டே வாசிப்பார்.

ஜாஸ் வந்தது ரேடியோ வழியாக. சிற்றலையில் ஏதோ ஒரு வெளிநாட்டு நிலையம் காலை வேளைகளில் அதைப் போடும். அலை போய்ப் போய் வரும். அண்ணன் ரேடியோவைத் தூக்கிக்கொண்டு அறை அறையாக நடப்பார். ஒரு நாள் சமையலறை வாசலில் நின்று, "அம்மா, அமெரிக்காக்காரன் ஒருத்தன் சுத்த தன்யாசி வாசிக்கிறான்" என்று கூப்பிட்டார். அம்மா மாவுக் கையோடு வந்து நின்று கேட்டார். அதே ஐந்து சுரங்கள்தான். மத்யமத்துக்கும் பஞ்சமத்துக்கும் நடுவில் அந்த சாக்ஸஃபோன் வழுக்கிய இடத்தில் அம்மா முகத்தைச் சுளித்தார். முடிந்ததும், "தப்பாத்தான் வாசிக்கிறான். ஆனா அழறான் பாரு" என்றார். அண்ணன் பிற்காலத்தில் செய்த இசை முழுவதும் அம்மாவின் அந்த இரண்டு வாக்கியங்களுக்கு நடுவில்தான் இருந்தது என்று எனக்குத் தோன்றும்.

அண்ணனுக்கு இருபத்திரண்டு, எனக்குப் பதினான்கு நடந்துகொண்டிருந்தபோது அப்பா வேலை நேரத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் எழவில்லை. அதற்கு முந்தின வாரம்தான் வடபழனியில் ஒரு ஸ்டுடியோவில் அண்ணனைப் பியானோ வாசிக்கக் கூப்பிட்டிருந்தார்கள். வாத்தியக் குழுவில் நிரந்தரமாகச் சேர்த்துக்கொள்வதாகவும் சொல்லியிருந்தார்கள். இங்கே தொழிற்சாலையில், அப்பா இறந்ததற்காக வீட்டில் ஒருவருக்கு வேலை தருவார்கள். வேலையை எடுத்துக்கொண்டால் குவார்ட்டர்ஸும் எங்களிடமே இருக்கும். எடுத்துக்கொள்ளாவிட்டால் சில மாதங்களில் காலி செய்ய வேண்டும். அம்மாவுக்கு வெளியுலகம் தெரியாது, நான் பள்ளிக்கூடம் போகிற பெண். இதில் யோசிக்க எதுவும் இல்லை என்று எல்லோரும் சொன்னார்கள். அண்ணனும் சொன்னார். ஸ்டோர்ஸ் பிரிவில் போல்ட்டும் நட்டும் எண்ணிக் கொடுக்கிற வேலை. முதல் நாள் அப்பாவின் சைக்கிளை எடுத்துக்கொண்டு கிளம்பியபோது, சீட்டு உயரத்தைக்கூட மாற்றிக்கொள்ளவில்லை.

ஞாயிற்றுக்கிழமைகளிலும் விடுமுறை நாட்களிலும் ஸ்டுடியோவுக்குப் போவதை மட்டும் விடவில்லை. யார் யார் படங்களுக்கோ பியானோ வாசித்தார். அப்படி ஓர் ஒலிப்பதிவின் இடைவேளையில், எல்லோரும் சாப்பிடப் போன பிறகு, அம்மா சொல்லித் தந்த ஒரு கீர்த்தனையை இடது கையில் ஜாஸ் நடையோடு தனக்காக வாசித்துக்கொண்டிருந்தார். முதல் படம் எடுக்க அலைந்துகொண்டிருந்த இளம் இயக்குநர் ஒருவர் கதவோரம் நின்று அதைக் கேட்டுவிட்டார். என் படத்துக்கு நீங்கள்தான் இசை என்று அங்கேயே சொன்னார்.

அண்ணன் ஒழுங்கான மனிதர். வெளி வேலை பார்க்க அனுமதி கேட்டுத் தொழிற்சாலைக்கு விண்ணப்பம் எழுதினார். சினிமாவுக்கு இசையமைப்பது தொழிலாகவே கருதப்படும், விதிப்படி அனுமதிக்க இயலாது என்று இரண்டே வரியில் பதில் வந்தது. அன்று சாயங்காலம் நாங்கள் மூன்று பேரும் அந்தக் காகிதத்தை நடுவில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். வேலையை விட்டுவிடுகிறேன் என்று அண்ணன் ஒரு தடவைகூடச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் நாங்கள் என்ன செய்திருப்போம் என்று பலமுறை யோசித்திருக்கிறேன். சொல்ல வேண்டாம் என்பதுபோலத்தான் அம்மாவும் நானும் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தோம். கடைசியில் அம்மாதான் பேசினார். "பேரு இல்லாட்டி என்ன தம்பி? பாட்டு உன்னோடதுதானே."

அப்படித்தான் ஒரு புனைபெயர் பிறந்தது. எங்கள் சமையலறையில், வெங்காயம் உரித்துக்கொண்டே மூன்று பேரும் சேர்ந்து வைத்த பெயர் அது. அதை இங்கே எழுதப்போவதில்லை. அதற்குக் காரணம் உண்டு, போகப்போகத் தெரியும்.

படம் ஓடியது. அந்தக் கிளாரினெட் பாட்டு படத்தைவிட நன்றாக ஓடியது. தெருக்கூத்துத் தாளத்தில் இப்படி ஒரு மேல்நாட்டுச் சோகம் எப்படி உட்கார்ந்தது என்று பத்திரிகைகள் எழுதின. அடுத்தடுத்துப் படங்கள் வந்தன. அண்ணன் சேர்த்து வைத்திருந்த லீவெல்லாம் கரைந்தது. ஒரே வருஷத்தில் அவருக்கு மூன்று தடவை மஞ்சள் காமாலை வந்தது, லீவுக் காகிதத்தில். ஆனால் வந்த தயாரிப்பாளர்கள் எல்லோரும் அந்த ஒரே பாட்டைத்தான் கேட்டார்கள். அதே தவில், அதே பிந்தி வரும் கிளாரினெட். ஒரு படத்தில் தாய் இறக்கும் காட்சிக்கு நான்கு வயலின்களும் ஒரு செல்லோவும் மட்டும் வைத்து அண்ணன் எழுதியதை நான் கேட்டிருக்கிறேன். அம்மா அதைக் கேட்டுவிட்டு எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வந்தார். படத்தில் அந்த இடத்தில் வேறு ஏதோ இருந்தது. சோகத்திலும் கொஞ்சம் தவில் வேண்டும் என்று கேட்டார்களாம். அண்ணன் எழுதிக் கொடுத்துவிட்டு, மறுநாள் காலை ஸ்டோர்ஸுக்குப் போய்விட்டார். காலையில் எண்ணுகிற வேலை, சாயங்காலம் நகலெடுக்கிற வேலை என்று ஒருமுறை சிரித்துக்கொண்டே சொன்னார்.

இனி நான் செய்ததைச் சொல்ல வேண்டும். நான் கல்லூரிக்குப் போய்வந்த ரயிலில் பெண்கள் பெட்டியில் நாங்கள் ஏழெட்டுப் பேர் எப்போதும் ஒன்றாக உட்காருவோம். ஒரு நாள் அம்பத்தூர் தாண்டியதும் யாரோ அந்தப் பாட்டை முணுமுணுக்க, எல்லோரும் சேர்ந்துகொண்டார்கள். இசையமைத்தவர் யார் என்று பேச்சு வந்தது. அவர் முகம் எந்தப் பத்திரிகையிலும் வரவில்லை, பம்பாய்க்காரராகத்தான் இருக்க வேண்டும் என்றாள் ஒருத்தி. இல்லை, வெளிநாட்டில் படித்துவிட்டு வந்த பணக்கார வீட்டுப் பையனாம் என்றாள் இன்னொருத்தி. ஸ்டோர்ஸில் கிரீஸ் படிந்த சட்டையோடு நிற்கும் அண்ணன் என் கண் முன்னால் வந்தார். "அது எங்க அண்ணன் போட்டது" என்றேன். யாரும் நம்பவில்லை. நம்பாததால் நான் எல்லாவற்றையும் சொன்னேன். குவார்ட்டர்ஸ், சமையலறை, வெங்காயம், எல்லாம்.

ஆறு வாரத்தில் தொழிற்சாலைக்கு ஒரு மொட்டைக் கடுதாசி போய்ச் சேர்ந்தது. அண்ணனிடம் விளக்கம் கேட்டு மெமோ வந்தது. விசாரித்த அதிகாரி கெட்டவர் அல்ல. அண்ணனை உட்காரச் சொல்லி, தன் மகளும் நாள் முழுக்க அந்தப் பாட்டைத்தான் பாடுகிறாள் என்று சொல்லியிருக்கிறார். பிறகு ஒரு வெள்ளைத் தாளை நகர்த்தி வைத்து, "அது நான் இல்லைன்னு ஒரு வரி எழுதிக் குடுத்துடுங்க. ஃபைல நான் மூடிடறேன். இல்லாட்டி உங்களயும் காப்பாத்த முடியாது, வீட்டயும் காப்பாத்த முடியாது" என்றிருக்கிறார். இந்தப் பெயரில் இசையமைக்கும் நபர் நான் அல்ல, அவருக்கும் எனக்கும் எந்தத் தொடர்பும் இல்லை என்று அண்ணன் எழுதிக் கையெழுத்துப் போட்டார். அந்தக் காலத்தில் எனக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார்கள். குவார்ட்டர்ஸ் முகவரியில்தான் ஜாதகம் போய்க்கொண்டிருந்தது.

வீட்டுக்கு வந்து இதைச் சொன்னபோது அண்ணன் சாதாரணமாகத்தான் இருந்தார். சாப்பிட்டார். மோர் இன்னும் கொஞ்சம் கேட்டு வாங்கிக் குடித்தார். நான் என் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். ரயிலில் பேசியதை அன்று நான் சொல்லவில்லை.

ஆனால் ஒப்புக்கொண்ட படங்கள் பாதியில் நின்றன. அந்தப் பெயருக்கு ஒரு முகம் இல்லாமல் இனிமேல் முடியாது என்ற நிலை வந்தது. அண்ணனே ஒரு யோசனை சொன்னார். அவருடைய குழுவில் சென்னீர்குப்பத்திலிருந்து வரும் கீபோர்டுக்காரர் ஒருவர் இருந்தார். அண்ணனைவிட நான்கைந்து வயது சின்னவர், நல்ல கைக்காரர், நல்ல மனுஷனும்கூட. அந்தப் பெயர் இனி அவருடையதாக இருக்கட்டும் என்று அண்ணன் சொன்னார். அவர் முதலில் ஒத்துக்கொள்ளவே இல்லை. இயக்குநர் வந்து பேசி, அண்ணன் மறுபடி பேசி, கடைசியில் தலையாட்டினார். அடுத்த கேசட்டின் அட்டையில் அவர் படம் வந்தது, கூலிங் கிளாஸோடு.

ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அவர் ஸ்கூட்டரில் வருவார். அண்ணன் எழுதிய நொட்டேஷன் தாள்களை வாங்கிக்கொண்டு, எந்த இடத்தில் என்ன வேண்டும் என்று கேட்டுக்கொள்வார். அம்மா அவருக்கும் சேர்த்துத்தான் காப்பி போடுவார். ஒரு முறை ஏதோ விழாவில் அவருக்கு விருது கொடுத்தார்கள். மறுநாளே அந்தக் கேடயத்தைத் துணிப்பையில் சுற்றிக்கொண்டு வந்து எங்கள் கூடத்தில் வைத்தார். "என்னால முடிலண்ணா. மேடைக்கு இட்டுகினு போய் மாலைய போட்றாங்க. உடம்பெல்லாம் கூசுது. இத நீயே வெச்சிக்கோ" என்றார். பேசும்போது அவர் அழுதார். அண்ணன் பையை அப்படியே திரும்பச் சுற்றி அவர் கையில் கொடுத்தார். "இத இந்த ஊட்ல வெச்சா யார்னா பாப்பாங்கப்பா. எடுத்துகினு போ" என்றார். அண்ணன் அவருடைய பாஷையில் பேசி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

எனக்குக் கல்யாணமாகி நான் முகப்பேருக்கு வந்துவிட்ட பிறகு, கீபோர்டுக்காரர் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை வர ஆரம்பித்தார். பிறகு மாதத்துக்கு ஒருமுறை. ஒரு நாள் அம்மா தொலைக்காட்சியில் ஒரு புதுப் பாட்டைக் கேட்டுவிட்டு, இது எப்போது போட்டது என்று அண்ணனைக் கேட்டார். நான் போடவில்லை என்றார் அண்ணன். அத்தனை வருஷம் தாள்களை வாங்கிப் போனவருக்கு அந்த மாதிரி எழுதத் தானாகவே வந்துவிட்டது. அதே தவில், அதே பிந்தல். அவர்மேல் குற்றம் சொல்ல எனக்கு இப்போதும் மனம் வரவில்லை. கேட்டவர்கள் எல்லோரும் அதைத்தானே கேட்டார்கள். அந்தப் பெயருக்கு அதன்பின் அண்ணன் தேவைப்படவில்லை. கீபோர்டுக்காரரின் பிள்ளைகள் அதெல்லாம் அப்பாவின் பாட்டு என்று நம்பித்தான் வளர்ந்திருக்கிறார்கள். அதனால்தான் பெயரை எழுதவில்லை.

அண்ணன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தொண்ணூறுகளின் நடுவில் அம்மா இறந்தார். காரியமெல்லாம் முடிந்து, வந்தவர்கள் போன பிறகு குவார்ட்டர்ஸில் நானும் அண்ணனும் மட்டும் இருந்தோம். இனி யாருக்காக இந்த வேலை, விட்டுவிடுங்கள் என்று சொல்லத்தான் ஆரம்பித்தேன். ஆனால் வாயிலிருந்து வந்தது வேறு. ரயிலில் நடந்ததைச் சொன்னேன். எட்டு வருஷமாக விழுங்கி வைத்திருந்தது. அண்ணன் அம்மாவின் புடவைகளை மடித்துக்கொண்டிருந்தார். மடிப்பதை நிறுத்தவில்லை.

"தெரியும் பாப்பா. ரயில்ல பேசிக்கிட்டாங்கன்னு அந்தக் கடுதாசியிலயே போட்டிருந்துச்சு."

பின் ஏன் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்றேன்.

"என்னன்னு கேக்குறது? என் பாட்டு என்னோடதுன்னு வெளிய சொன்ன ஒரே ஆள் நீதான். அன்னிக்கு அதப் படிச்சப்போ எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாத்தான் இருந்துச்சு."

புடவையை மேலே வைத்துவிட்டு அடுத்ததை எடுத்தார். நான் சுவரைப் பார்த்து உட்கார்ந்து அழுதேன். திட்டியிருந்தால் அவ்வளவு அழுதிருக்க மாட்டேன்.

சில வருஷம் கழித்து அண்ணன் விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு, எங்கள் கட்டடத்திலேயே கீழ்த்தளத்தில் ஓர் ஒற்றைப் படுக்கையறை வீட்டுக்கு வந்தார். ஆறு மாதம் உட்கார்ந்து ஐந்து பாட்டுகள் எழுதினார். தெரிந்த வாத்தியக்காரர்கள் வந்து வாசித்துக் கொடுத்தார்கள். அந்தக் கேசட்டை எடுத்துக்கொண்டு ஓர் இசை நிறுவனத்துக்குப் போனோம். என் வற்புறுத்தலில்தான் போனோம். இருபத்தைந்து வயதுப் பையன் ஒருவன் எங்களை மரியாதையாக உட்கார வைத்து, கேசட்டைப் போட்டுக் கண்ணை மூடிக் கேட்டான். இரண்டாவது பாட்டு முடிந்ததும் நிறுத்தினான்.

"சூப்பரா கீது சார். ஒண்ணு சொன்னா தப்பா எடுத்துக்காதீங்க. அப்படியே அவரு மாதிரியே கீது." அந்தப் பெயரைச் சொன்னான். "அவரு பாட்டுங்கள நெறைய கேப்பீங்களா?"

நான் எழுந்துவிட்டேன். அண்ணன் என் மணிக்கட்டைப் பிடித்து உட்கார வைத்தார். "கேட்டிருக்கேன்" என்றார்.

பையன் நோட்டை எடுத்து அண்ணனின் பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டான். ஓர் இசை நிறுவனத்தின் நோட்டில் அண்ணனின் சொந்தப் பெயர் ஏறியது அன்றுதான். இதற்கு முன்னால் எந்தப் படத்துக்காவது இசையமைத்திருக்கிறீர்களா என்று அடுத்த கேள்வி. இப்போது அவரைத் தடுக்க வேலையும் இல்லை, வீடும் இல்லை, அம்மாவும் இல்லை, கரையேற்ற வேண்டிய தங்கையும் இல்லை. சொல்லுங்கள் என்று மனத்துக்குள் நான் கத்திக்கொண்டிருந்தேன்.

"இல்ல தம்பி. இதான் முதல் தடவ" என்றார் அண்ணன்.

வெளியே வந்து பஸ்ஸுக்காக நின்றபோது ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்டேன். வண்டிச் சத்தத்தில் கேட்கவில்லை என்பதுபோல் சாலையைப் பார்த்தார். பாக்கெட்டில் சில்லறையைத் தேடிக்கொண்டே, "கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கேனே" என்றார். அந்தக் காகிதம் என்றோ கரையானுக்குப் போயிருக்கும். அதை எழுத வைத்த அதிகாரியும் ஓய்வு பெற்றுப் போய்விட்டார். அண்ணன் மட்டும் அந்த ஒரு வரிக்குள் இன்னும் உட்கார்ந்திருந்தார். அந்தப் பையன் கூப்பிடவில்லை.

இப்போது அண்ணனுக்கு எழுபது நெருங்குகிறது. காலையில் நடை, பிறகு பேப்பர், மதியம் கொஞ்சம் தூக்கம். என் மகள் வாங்கித் தந்த எலக்ட்ரானிக் கீபோர்டு ஒன்று ஜன்னலோரம் இருக்கிறது. தினம் நாலு மணியிலிருந்து ஆறு மணி வரை அதில் வாசிப்பார், காதில் ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு. நான் காப்பி எடுத்துக்கொண்டு போனால் விரல்கள் ஓடுவது தெரியும். கட்டைகள் அழுந்தும் டக் டக் ஓசை மட்டும் கேட்கும். என்ன ராகம், புதிதா, பழையதா, எதுவும் தெரியாது. சில நாள் கண்ணை மூடிக்கொண்டு தலையை லேசாகச் சாய்ப்பார். அங்கே ஏதோ நல்ல இடம் வந்திருக்கிறது என்று நானாக எடுத்துக்கொள்வேன்.

போன மாதம் ஒரு நாள் பொறுக்க முடியாமல் அவர் தோளைத் தொட்டேன். ஹெட்ஃபோனைக் கழற்றிவிட்டு வாசித்தால் நானும் கேட்பேனே, மாடி வீட்டுக்காரர்கள் எதுவும் சொல்ல மாட்டார்கள் என்றேன். அண்ணன் ஒரு காதை மட்டும் விலக்கிக் கேட்டார்.

"வெளிய கேட்டா, யாரு பாட்டுன்னு கேப்பாங்க பாப்பா" என்றார். காப்பியை வாங்கி ஒரு வாய் குடித்துவிட்டு, மறுபடி மாட்டிக்கொண்டார்.